பாஸ்போர்ட் புதுப்பித்த கதை: கேந்திராவுக்கு நாலரை, பிரவுசிங் சென்டருக்கு ஒண்ணு

மார்க்கை முதலிலேயே போட்டுவிடுகிறேன், நேரம் இருப்பவர்கள் மேலே படியுங்கள். நேரில் போய்த் தாள்களைக் காட்டுகிற மையமான பாஸ்போர்ட் சேவா கேந்திராவுக்கு அஞ்சுக்கு நாலரை. அம்மாவின் விண்ணப்பத்தைப் போடச் சொல்லி நான் கொடுத்த பிரவுசிங் சென்டருக்கு அஞ்சுக்கு ஒண்ணு, அந்த ஒண்ணும் மின்விசிறிக்குக் கீழே நாற்காலி போட்டு அம்மாவை உட்கார வைத்ததற்காக.

தங்கச்சி சிங்கப்பூரில் இருக்கிறாள், தை மாதம் அவளுக்கு ரெண்டாவது பிரசவம். அம்மா முன்னாலேயே போய்க் கூட இருக்க வேண்டும், நான் கொண்டுபோய் விட்டுவிட்டு ஒரு வாரம் சுற்றிவிட்டு வரலாம் என்று திட்டம். எங்களுக்குக் காங்கேயம் பக்கம் கொப்பரைக் களம். ஐப்பசி மழை பிடித்துவிட்டால் களத்தில் தேங்காய் காயப்போட முடியாது, அதனால் இந்த மாதிரிச் சோலிகளை எல்லாம் அந்த நேரத்தில்தான் பார்ப்போம். அப்படி ஒரு மழை நாளில் டிக்கெட் போட உட்கார்ந்து, அட்டாலியிலிருந்த டிரங்குப் பெட்டியை இறக்கிப் பாஸ்போர்ட்டுகளை எடுத்துப் பார்த்தால் ரெண்டுக்கும் 2026 பிப்ரவரியோடு தேதி முடிகிறது. 2016இல் தங்கச்சி கல்யாணத்தை ஒட்டி ரெண்டு பேருக்கும் ஒட்டுக்கா எடுத்தது.

"ஏஞ்சாமி, பிப்ரவரி வரைக்கும் இருக்குதல்ல, நாம தை மாசமே போயிர்றமே" என்றார் அம்மா. நானும் பத்து நிமிடம் அப்படித்தான் நினைத்தேன். தங்கச்சிதான் போனில் கத்தினாள். சிங்கப்பூருக்குள் நுழையப் பாஸ்போர்ட்டில் இன்னும் ஆறு மாதமாவது செல்லுபடி இருக்க வேண்டும், இல்லாவிட்டால் விமானக் கம்பெனிக்காரனே கோயம்புத்தூரில் ஏற்ற மாட்டான். சிங்கப்பூர் மட்டுமில்லை, பல நாடுகளுக்கு இதுதான் கணக்கு. ஆக, பத்து வருடப் பாஸ்போர்ட் என்பது வெளிநாடு போகிறவனுக்கு ஒன்பதரை வருடம்தான். தேதி முடிய ஒரு வருடம் இருக்கும்போதே புதுப்பிக்க விண்ணப்பம் போடலாம் என்பதும் அன்றைக்குத்தான் தெரியும். தெரிந்திருந்தால் போன சித்திரையிலேயே போட்டிருப்பேன்.

சரி, பிரவுசிங் சென்டருக்கு வருகிறேன். கடை பெயர் வேண்டாம், ஆள் கெட்டவர் இல்லை. மின்கட்டணம், பட்டா, சாதிச் சான்றிதழ் என்று எல்லாம் அவரிடம்தான் போடுவோம். பாஸ்போர்ட்டும் போட்டுவிடலாம் என்றார். பெரியவர்களுக்கு 36 பக்கப் புத்தகத்துக்கு அரசாங்கக் கட்டணம் 1,500 ரூபாய், அவர் 2,400 கேட்டார். தொள்ளாயிரம்தானே, நமக்கு அலைச்சல் மிச்சம் என்று அம்மாவுடையதை அவரிடம் கொடுத்தேன். அவர் நம்பரையே போட்டுக் கணக்கு தொடங்கினார், ஓடிபி எல்லாம் அவர் போனுக்கே வந்தது, டக்டக்கென்று அடித்து ஒரு தாளை அச்செடுத்துக் கொடுத்தார். "அண்ணா, அப்பாயின்ட்மென்ட் தேதி போட்டாச்சு, அன்னைக்கு இந்தத் தாளோட போனாப் போதும்." கால் மணி நேரம்கூட ஆகவில்லை. எனக்கு ஒரே சந்தோஷம்.

அப்பாயின்ட்மென்டுக்கு முதல் நாள் பெரியப்பா தவறிவிட்டார். கெட்ட காரியத்தை வைத்துக்கொண்டு எங்கே கோயம்புத்தூர் போவது, தேதியை மாற்றலாம் என்று சென்டர்காரருக்கு அடித்தால் போன் அணைத்து வைத்திருக்கிறது. கடை பூட்டு. மச்சான் வீட்டு விசேஷத்துக்குப் போயிருக்கிறார் என்றார்கள் பக்கத்து டீக்கடையில். கணக்கும் அவருடையது, கடவுச்சொல்லும் அவருடையது, ஓடிபியும் அவர் சட்டைப் பையில், விண்ணப்பம் மட்டும் எங்களுடையது. அப்பாயின்ட்மென்ட் போயே போய்விட்டது. கட்டிய பணம் ஒரு வருடம் செல்லும், அதற்குள் மூன்று தடவை தேதி மாற்றிக்கொள்ளலாம் என்பதால் காசு போகவில்லை, அவ்வளவுதான் ஆறுதல். மூன்றாம் நாள் கடை திறந்ததும் போய்த் தேதி மாற்றி வாங்கிக்கொண்டு, என்னுடையதை நானே போடுவது என்று அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன்.

ராத்திரி சாப்பிட்டுவிட்டு உட்கார்ந்தேன். போனில் தேடியதும் முதலில் வந்ததைத் தட்டினேன், அசோகச் சின்னம், மூவர்ணம் எல்லாம் இருந்தது, பெயர், பிறந்த தேதி கேட்டது, கடைசியில் 2,999 கட்டச் சொன்னது. 1,500தானே என்று நிமிர்ந்து முகவரியைப் பார்த்தால் அது அரசாங்கத் தளமே இல்லை. அசலின் பெயர் பாஸ்போர்ட் இந்தியா, முடிவில் 'ஜிஓவி டாட் இன்' என்று இருக்க வேண்டும். இப்படிப் போலிகள் இருக்கின்றன என்று வெளியுறவு அமைச்சகமே எச்சரிக்கை போட்டிருக்கிறது, நாம்தான் அதைப் படிப்பதில்லை. எம்பாஸ்போர்ட் சேவா என்று செயலியும் இருக்கிறது.

அசல் தளத்தில் போய் உட்கார்ந்தால் உண்மையில் ஒன்றரை மணி நேர வேலை. புதுப்பித்தல் என்ற வார்த்தையையே காணோம் என்று தேடாதீர்கள், அங்கே அதற்குப் பெயர் 'ரீஇஷ்யூ'. புதுப் பாஸ்போர்ட் என்பதைத் தட்டிவிட்டால் கதை மாறிவிடும். காரணம் கேட்கும் இடத்தில் தேதி முடிந்தது அல்லது முடியப்போகிறது என்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். 36 பக்கமா 60 பக்கமா என்று கேட்கும். 60க்கு 500 ரூபாய் கூட, மொத்தம் 2,000. வருடத்துக்கு ஒரு தடவை போகிறவனுக்கு 36 போதும். திருப்பூர் பனியன் கம்பெனிக்காரர்கள், பையரைப் பார்க்க மாதம் ஒரு நாடு என்று பறக்கிறவர்கள் 60 போட்டுவிடுங்கள், பக்கம் தீர்ந்துபோனால் தனியாகத் தாள் சேர்த்துத் தர மாட்டார்கள், மறுபடியும் புதுப் புத்தகத்துக்குத்தான் போக வேண்டும்.

பெயர்ப் பகுதியில்தான் நம்மாட்கள் எல்லோரும் முழிப்பது. நமக்கு இனிஷியல்தான் உண்டு, குடும்பப் பெயர் என்று ஒன்று ஏது? பாஸ்போர்ட்டில் இனிஷியலை விரித்து அப்பா பெயரை முழுசாக எழுத வேண்டும், அதை எந்தக் கட்டத்தில் எழுதுவது என்று போன தடவை ஆளுக்கு ஒரு மாதிரி சொன்னார்கள். சிலர் குடும்பப் பெயர்க் கட்டத்தைக் காலியாகவே விட்டுவிட்டு ஒற்றைப் பெயரோடு திரிகிறார்கள். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம் ஒற்றைப் பெயர் பாஸ்போர்ட்டோடு விசிட் விசாவில் வருகிறவர்களை உள்ளே விடுவதில்லை என்று அறிவித்தபோது எங்கள் பங்காளி ஒருவர் பட்ட பாடு கொஞ்சநஞ்சமில்லை. ரெண்டாவது பக்கத்தில் அப்பா பெயர் இருந்தால் போதும் என்று அப்புறம் விளக்கம் வந்தது, அதற்குள் அவருக்கு நாலு நாள் தூக்கம் போய்விட்டது. என் பழைய புத்தகத்தில் அப்பா பெயர் குடும்பப் பெயராக ஏறியிருந்தது, நான் அதில் கையே வைக்கவில்லை. பழையதில் எப்படி இருக்கிறதோ ஒரு எழுத்து மாறாமல் அப்படியே அடித்தேன்.

அன்றைக்கு ராத்திரிதான் சந்தேகம் வந்து அம்மாவுக்குச் சென்டர்காரர் கொடுத்த தாளையும் பக்கத்தில் வைத்து வரிவரியாகப் படித்தேன். ரெண்டு தப்பு. பிறந்த ஊர் வெள்ளகோவில், பழைய புத்தகத்தில் இருந்த ஆங்கில எழுத்துக்கூட்டல் ஒன்று, இவர் அடித்தது வேறு. அதாவது பரவாயில்லை. ரெண்டாவது, அம்மாவின் பழைய புத்தகத்தில் 'இசிஆர்' முத்திரை உண்டு. பத்தாவது முடிக்காதவர்கள் வேலைக்காக வளைகுடா, மலேசியா மாதிரிக் குறிப்பிட்ட சில நாடுகளுக்குப் போனால் குடியகல்வு அனுமதி வாங்க வேண்டும் என்பதற்கான முத்திரை அது. 2016இல் அம்மாவுக்கு 47, அதனால் போட்டார்கள், சரி. ஆனால் 50 தாண்டிவிட்டால் படிப்பு எதுவாக இருந்தாலும் அந்த முத்திரை தேவையில்லை. அம்மாவுக்கு இப்போது 57. 'நான்-இசிஆர்', அதாவது அந்த முத்திரை வேண்டாத தகுதி உண்டா என்ற கேள்விக்கு இவர் இல்லை என்று போட்டு வைத்திருக்கிறார். சுற்றிப் பார்க்கப் போகிறவர்களுக்கு அந்த முத்திரையால் தொல்லை இல்லைதான், ஆனாலும் இன்னொரு பத்து வருடத்துக்கு அதை எதற்குச் சுமப்பது.

மூன்றாவதாக ஒரு தப்பும் இருந்தது, அதைப் பார்த்தும் எனக்கு உறைக்கவில்லை. அதைப் பின்னால் சொல்கிறேன்.

ரெண்டு பேருக்கும் ஒரே நாள் கிடைத்தது. காலை ஆறு மணிக்குக் கிளம்பி, பல்லடத்தில் இட்லி சாப்பிட்டுவிட்டு, சூலூர் தாண்டும்போதே அம்மா மடியிலிருந்த கவரை மூன்றாவது தடவை திறந்து பார்த்தார். பழைய பாஸ்போர்ட், அதன் முதல் ரெண்டு பக்கமும் கடைசி ரெண்டு பக்கமும் ஜெராக்ஸ் எடுத்துக் கையெழுத்துப் போட்டது, ஆதார் அசலும் நகலும். எங்கள் ரெண்டு பேருக்கும் இவ்வளவுதான் தேவைப்பட்டது. போட்டோ எடுத்துக்கொண்டு போக வேண்டியதில்லை, அங்கேயே எடுக்கிறார்கள். ஒரு விஷயம் கவனியுங்கள், மண்டல பாஸ்போர்ட் அலுவலகம் என்பது வேறு, சேவா கேந்திரா என்பது வேறு. உங்கள் தாளில் எந்த முகவரி போட்டிருக்கிறதோ அங்கே போங்கள், ஆட்டோக்காரர் சொல்கிற இடத்துக்குப் போகாதீர்கள்.

உள்ளே ஏ, பி, சி என்று மூன்று கவுன்ட்டர் வரிசை. டோக்கன் வாங்கி உட்கார்ந்தால் திரையில் நம்பர் வரும். ஏ கவுன்ட்டரில் இருப்பவர்கள் டிசிஎஸ் என்ற தனியார் கம்பெனியின் ஊழியர்கள், தாள்களை ஸ்கேன் செய்து, போட்டோவும் கைரேகையும் எடுப்பது அவர்கள் வேலை. பி, சி ரெண்டிலும் இருப்பது அரசாங்க அதிகாரிகள், சரிபார்ப்பதும் கொடுக்கலாம் என்று முடிவு செய்வதும் அவர்கள்.

அம்மாவுக்கு ஏ கவுன்ட்டரில் ஒரு சின்னப் பெண். அம்மா விரல் வைத்தார், எந்திரம் எடுக்கவில்லை. மறுபடியும் வைத்தார், எடுக்கவில்லை. முப்பது வருடமாகச் சிரட்டையிலிருந்து கொப்பரை நோண்டி எடுத்த கை, கட்டைவிரலில் ரேகை என்று சொல்ல ஒன்றும் மிச்சமில்லை, தேய்ந்து வழவழவென்று இருக்கும். எனக்குப் பயமாகிவிட்டது. அந்தப் பெண் ஈரத்துணியால் விரலைத் துடைத்துவிட்டு, "அம்மா, விரலைத் தலையில ஒருக்கா நல்லாத் தேச்சுட்டு வைங்க" என்றது. அம்மா காலையில் வைத்த தேங்காயெண்ணெய் வீண் போகவில்லை, அந்த ஈரப் பசையில் நாலாவது தடவை பச்சை விளக்கு எரிந்தது. "நம்ம எண்ணெய்தான் கண்ணு" என்று அம்மா அதனிடம் களத்துக் கதையை ஆரம்பித்துவிட்டார், பின்னால் இருந்த டோக்கன்காரர் தொண்டையைக் கனைக்கிற வரைக்கும்.

பிறந்த ஊர் எழுத்துக்கூட்டலையும் இசிஆர் விஷயத்தையும் சொன்னேன். பழைய புத்தகத்தைப் பார்த்தார்கள், வயதைப் பார்த்தார்கள், திருத்திவிட்டார்கள், பேச்சே இல்லை. நம் பக்கம் பார்த்தபடி ஒரு திரை இருக்கும், அவர்கள் அடிப்பது அதில் தெரியும். போனைத்தான் நோண்டக் கூடாதே, அந்த நேரத்தில் அந்தத் திரையை ஒவ்வொரு எழுத்தாகப் படியுங்கள்.

என் போட்டோதான் அரை மார்க்கைத் தின்றது. விசேஷத்துக்குப் போகிற மாதிரி வெள்ளைச் சட்டையில் போய் உட்கார்ந்திருக்கிறேன், பின்னாலும் வெள்ளை. பாஸ்போர்ட்டில் இப்போது ஒரு தலை மட்டும் மிதக்கிறது. கேந்திராவைக் குறை சொல்லி என்ன செய்ய, தலையையும் சட்டையையும் நான்தானே கொண்டுபோனேன் என்கிறாள் வீட்டுக்காரி. நம் பக்கத்து ஆண்கள் அன்றைக்கு ஒரு நாள் கலர்ச் சட்டை போடுங்கள்.

பி கவுன்ட்டரில் ஒரு சின்னத் திகில். அம்மாவின் பழைய புத்தகம் அட்டாலியில் இருந்ததில் ஓரத்தைப் பூச்சி லேசாக அரித்திருந்தது. சேதமான பாஸ்போர்ட் என்று சொல்லிவிட்டால் அது வேறு கணக்கு, 36 பக்கத்துக்கே 3,000 ரூபாய், விளக்கம் வேறு எழுதிக் கொடுக்க வேண்டும். அதிகாரி புத்தகத்தைக் கண்ணுக்குப் பக்கத்தில் தூக்கி, ஓரத்தைப் பெருவிரலால் ஒரு தடவை தடவி, போட்டோப் பக்கத்தை வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தார். எழுத்தில் எதுவும் படவில்லை. "வீட்ல பூச்சி உருண்டை போட்டு வைங்கம்மா" என்று மட்டும் சொல்லிச் சீல் வைத்தார். மூன்று கவுன்ட்டரும் முடிந்து ஒப்புகைச் சீட்டோடு வெளியே வரும்போது உள்ளே போய் ஒன்றே கால் மணி நேரம் ஆகியிருந்தது. ரேஷன் கடையில் இதைவிட அதிகம் நின்றிருக்கிறேன்.

என்னுடையது அஞ்சு நாளில் அச்சாகிக் கிளம்பிவிட்டது, போலீஸ் விசாரணை புத்தகம் வந்த பிறகுதான் வந்தது. அம்மாவுக்கு விசாரணை முதலில். யாருக்கு முன்னால், யாருக்குப் பின்னால், யாருக்குத் தேவையே இல்லை என்பதெல்லாம் பாஸ்போர்ட் அதிகாரிகள்தான் முடிவு செய்கிறார்கள், நாம் கேட்டு வாங்க முடியாது. இங்கேதான் அந்த மூன்றாவது தப்பு. ஒரு வாரம் ஆகியும் அம்மாவுக்குப் போலீஸிடமிருந்து போனே வரவில்லையே என்று பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு நாள் சாயங்காலம் காவலர் ஒருவர் களத்துக்கே வந்துவிட்டார். "ஏனுங்க, நாலு நாளா போன் பண்றேன், எடுக்கறவர் நான் அவங்க மகன் இல்லைங்க, பிரவுசிங் சென்டருங்கறார், அப்பறம் வெக்கறார். அப்ளிகேஷன்ல எந்த நம்பருங்க குடுத்தீங்க?" கொடுத்தது சென்டர்காரர் நம்பர். அவரும் ஒரு வார்த்தை எங்களுக்குச் சொல்லவில்லை, மறந்துவிட்டாராம். விசாரிக்கும்போது ஆள் முகவரியில் கிடைக்கவில்லை என்று ஒரு வரி எழுதிப் போட்டிருந்தால் அம்மா பேரனைப் பார்க்க மாசி வரை காத்திருக்க வேண்டியதுதான். நல்ல மனுஷன், கொப்பரைக் களம் என்றதும் வழி கேட்டு வந்திருக்கிறார். ஆதாரைப் பார்த்தார், அக்கம்பக்கத்தில் ரெண்டு பேரிடம் கேட்டார், அம்மா கொடுத்த மோரை மட்டும் குடித்துவிட்டுப் போனார்.

அவசரம் என்றால் தட்கல் இருக்கிறது, 36 பக்கத்துக்கு மொத்தம் 3,500. எங்களுக்கு ரெண்டு மாதம் இருந்ததால் அந்தப் பக்கம் போகவில்லை. விசா எடுக்கும் முன்னால் புதுப் புத்தகத்தைக் கையில் வாங்கிவிடுங்கள், நம்பர் மாறிவிடும், விசா அந்த நம்பரின் பேரில்தான் வரும். டிக்கெட்டில் பழைய நம்பர் கொடுத்திருந்தால் அதையும் மாற்றுங்கள். பழைய புத்தகத்தை மூலையை வெட்டி, ரத்து என்று முத்திரை குத்தித் திருப்பிக் கொடுத்துவிடுவார்கள். அதைத் தூக்கிப் போட வேண்டாம், உள்ளே நாள் முடியாத விசா ஏதாவது இருந்தால் ரெண்டையும் சேர்த்துக் கொண்டுபோனால் அது செல்லும். அமெரிக்கா விசா வைத்திருப்பவர்கள் எல்லோரும் அப்படித்தான் போய்வருகிறார்கள்.

புத்தகம் ஸ்பீடு போஸ்ட்டில் வருகிறது. சம்பந்தப்பட்டவர் கையில்தான் கொடுப்பார்கள், வீடு பூட்டியிருந்து ஆள் கிடைக்காவிட்டால் பாஸ்போர்ட் அலுவலகத்துக்கே திரும்பிவிடும், கிளம்பியது தெரிந்ததும் வெளியூர் போகாதீர்கள். இப்போது வருவது இ-பாஸ்போர்ட். அட்டையில் தங்க நிறத்தில் சின்னதாக ஒரு அடையாளம் இருக்கிறது, உள்ளே சிப். அம்மா அட்டையைத் தடவிப் பார்த்து, "இதுக்குள்ளயா என்ற ரேகை இருக்குது" என்று கேட்டார். எண்ணெய் தேய்த்து எடுத்த ரேகை என்பதால் அவருக்கு அதில் ஒரு தனிப் பெருமை.

அம்மா புத்தகம் தபாலில் கிளம்பிய செய்தி எங்களுக்கு எப்படித் தெரிந்தது என்று கேட்கிறீர்களா? சென்டர்காரர் போன் செய்தார். "அண்ணா, அம்மா பாஸ்போர்ட் அனுப்பிட்டாங்களாமா, என்ற போனுக்கு மெசேஜ் வந்துருக்குது. அப்பறம், சிங்கப்பூருக்குள்ள போறதுக்கு ஆன்லைன்ல அரைவல் கார்டு ஒண்ணு போடோணும், ஆளுக்கு ஐநூறு ரூபாய்தான், போட்டுடட்டுங்களா?"

அது இலவசம். போய்ச் சேருகிற நாளையும் சேர்த்து மூன்று நாளுக்குள் சிங்கப்பூர் குடிநுழைவுத் துறையின் தளத்தில் நாமே போட்டுக்கொள்ளலாம். இந்தத் தடவை என் நம்பரில்.